இன்னொருக்கா

மோர்னிங்சைட், ரொறன்ரோ
28 பெப்ரவரி 1997

அன்புள்ள மக்டலீன் புள்ளைக்கு,

மாமாங்கம் எழுதுவது. ஓம், நானேதான். யாரும் எழுதித் தரவில்லை. காலையில் மகள் மனோரஞ்சிதம் வேலைக்குப் போனதும் குந்தினேன். இந்த வரிக்கு வந்து சேர மத்தியானம் ஆகிவிட்டது. எழுபத்தொரு வயதில் நான் எழுதும் முதல் கடிதம் இது.

உன் கமராவுக்கு முன்னால் என்னை நிறுத்திக் கேட்டாயே, "ஐயா, எழுதப் பழகினால் முதலிலை என்ன எழுதுவீங்கள்?" என்று. அப்போது வெட்கத்தில் சிரித்து மழுப்பினேன். உனக்குத்தான் எழுதுவேன் என்று அன்றைக்கே நினைத்துவிட்டேன். நீ தந்த சின்ன அட்டையைப் பார்த்து, உறையில் ஆங்கில எழுத்தைப் படம் கீறுவது போலக் கீறியிருக்கிறேன். வந்து சேர்ந்தால் அது தபால்காரரின் கெட்டித்தனம்.

நேற்றுத் தவமணி செத்து முப்பத்தொராம் நாள். சாப்பாடு முடிந்ததும் அவள் நினைவாக அச்சடித்த கல்வெட்டுப் புத்தகம் தந்தார்கள். பஸ்ஸில் வரும்போது விரலை வைத்து வைத்து வாசித்தேன். 'தவமணி சிவபாதம்' என்று முதல் பக்கத்தில் இருக்கிறது. அந்தப் பெயரை எனக்கு எழுதக் காட்டித் தந்தவளே அவள்தான். காளான் பண்ணைக்கு ஆள் ஏற்றும் வானில் போகும்போது என் பக்கத்தில் இருந்து கொப்பியைப் பார்ப்பாள். "அப்பு, உது எழுத்தோ, நண்டோ?" என்பாள். வான் முழுக்கச் சிரிக்கும். விட்பி தாண்டிப் பண்ணை வருவதற்குள் ஒரு பக்கம் திருத்தித் தந்துவிடுவாள். கையெழுத்து வைக்கவும் அவள்தான் பழக்கினாள். "ஒவ்வொரு நாளும் ஒரே மாதிரி விழவேணும் அப்பு. இல்லாட்டி உது நீங்கள் இல்லை எண்டு சொல்லிப்போடுவாங்கள்."

அது இப்போது ஒரே மாதிரி விழுகிறது. போன கிழமை ஒரு தாளில் உண்மையாகவே கையெழுத்து வைத்தேன், தெரியுமா? கொப்பியில் அல்ல, உண்மைத் தாளில். அவள் பார்க்க இல்லை.

நீ சவ அடக்கம் முடிந்த கையோடு மொன்றியலுக்குப் போய்விட்டாய். படத்தை வெட்டி ஒட்டும் வேலை என்று சொன்னார்கள். இந்த ஊரில் உள்ளவர்கள் தின்பதை எந்தக் கை பிடுங்குகிறது என்று காட்டும் படம். அதில் தவமணியின் கையும் இருக்குமா? என் கையும்?

ரெலிபோன் எடுக்க வேண்டாம். ரெலிபோன் மகளுக்கு வருவது. கடிதம் எழுது. என் பெயருக்கு இந்த வீட்டுக்கு இதுவரை ஒன்றும் வந்ததில்லை.

இப்படிக்கு,
க. மாமாங்கம்


மொன்றியல்
11 மார்ச் 1997

மாமாங்கம் ஐயாவுக்கு,

உங்கள் கடிதம் வந்தது. தபால்காரர் கெட்டிக்காரர்தான். அதை மூன்று தரம் வாசித்தேன். வேறு நேரமாக இருந்தால் இதற்கு நீண்ட பதில் எழுதியிருப்பேன்.

தவமணி அக்காவின் கணவர் சிவபாதம் அண்ணை ஒரு சட்டத்தரணியைப் பிடித்திருக்கிறார். அக்கா எப்படி இறந்தார் என்று ஒரு விசாரணை நடக்கப் போகிறது. பண்ணைப் பக்கத்திலிருந்து கொடுத்த தாள் ஒன்றின் பிரதியை அண்ணை எனக்கு அனுப்பினார். அதை இதோடு வைத்திருக்கிறேன். உங்களிடம் ஒரே ஒரு கேள்விதான் கேட்க வேண்டும், வேறொன்றும் சொல்லக்கூடாது என்று சட்டத்தரணி கட்டளையிட்டிருக்கிறார். அதனால் கேட்கிறேன்.

அடியில் இருக்கும் கையெழுத்து உங்களுடையதா?

ஓம் அல்லது இல்லை என்று எழுதினால் போதும்.

மக்டலீன்


மோர்னிங்சைட்
17 மார்ச் 1997

அன்புள்ள மக்டலீன் புள்ளைக்கு,

என்னுடையதேதான்! பார்த்தவுடனே உனக்குத் தெரியவில்லையா? பிரதி எடுத்தும் எவ்வளவு வடிவாக இருக்கிறது. மகளுக்குக் காட்டினேன். அவள் தாளைப் பார்த்துவிட்டுச் சமைக்கப் போய்விட்டாள். அவளுக்கு அலுப்பு.

ஓம் என்று மட்டும் எழுதச் சொன்னாய். ஒரு சொல்லுக்கு ஒரு முத்திரையை வீணாக்க எனக்கு மனம் இல்லை. நடந்ததைச் சொல்கிறேன், கேள்.

ஜெயரட்ணம் தம்பி வீட்டுக்கு வந்தார். எங்களை வானில் ஏற்றிப் பண்ணைக்குக் கொண்டுபோகிறவர் வீட்டுக்குள் காலடி வைத்தது அதுதான் முதல் தரம். மகளுக்குத் தொழிற்சாலை வேலை எடுத்துத் தந்தவரும் அவர் என்பதால் கோப்பி போட்டுக் கொடுத்தோம். கையில் ஒரு தாளும் ஒரு மைப்பெட்டியும் கொண்டு வந்திருந்தார்.

"அப்பு, தவமணியக்கான்ரை புருசனுக்கு உதவி எடுத்துக் குடுக்கிறதுக்கு ஒரு பேப்பர். நீங்களும் அண்டைக்கு நிண்டனீங்கள்தானே. பெருவிரலை உந்த மையிலை தொட்டு ஒருக்கா அமத்தி விடுங்கோ."

"மைப்பெட்டி எனக்கு எதுக்குத் தம்பி? பேனயத் தாங்க" என்றேன்.

"உங்களுக்குக் கையெழுத்து வைக்கத் தெரியுமோ?"

"எத்தின வேணும்?"

அவர் மைப்பெட்டியை மூடிச் சட்டைப் பைக்குள் வைத்துக்கொண்டார். "இன்னும் நல்லதாப் போச்சு" என்றார். நான் மேசையைத் துடைத்து, தாளை நேராக வைத்து, தவமணி காட்டித் தந்தபடி மூச்சை அடக்கிக்கொண்டு வைத்தேன். திகதியும் போட்டேன். இன்னொரு தாள் இருக்கிறதா என்று கேட்டேன். அவர் சிரித்தார்.

ஊரில் வாழ்நாள் முழுக்கப் பெருவிரலைத்தான் கொடுத்தேன். அதை வாங்கியவர்கள் பிறகு ஒரு பழந்துணியைத் தருவார்கள், துடைக்கச் சொல்லி. இந்த முறை யாரும் துணி தரவில்லை.

தாள் ஆங்கிலத்தில் இருக்கிறது. என்ன எழுதியிருக்கிறது என்று நீ எழுது. சிவபாதத்துக்கு உதவி கிடைத்ததா?

இப்படிக்கு,
க. மாமாங்கம்


மொன்றியல்
24 மார்ச் 1997

மாமாங்கம் ஐயாவுக்கு,

இதை மெல்லச் சொல்ல ஒரு வழியை நான்கு நாளாகத் தேடினேன். கிடைக்கவில்லை.

அந்தத் தாளில் இருப்பது மூன்றே வரிகள். தமிழில் எழுதுகிறேன்.

ஒன்று: ஜனவரி 28ஆம் திகதி காலை, ஏழாம் அறைக்கு மருந்து அடித்திருந்தது, கதவில் சிவப்புப் பலகை தொங்கியது, அது தொங்கும்போது உள்ளே போகக்கூடாது என்று எங்கள் எல்லோருக்கும் சொல்லப்பட்டிருந்தது.

இரண்டு: தவமணி, யாரும் சொல்லாமல், தானாகப் பலகையைக் கழற்றிவிட்டு உள்ளே போனார்.

மூன்று: இதை நான் என் கண்ணால் கண்டேன்.

அதற்குக் கீழேதான் நீங்கள் மூச்சை அடக்கிக்கொண்டு வைத்தது இருக்கிறது.

பெருவிரல் வைத்திருந்தால் கதை வேறு என்கிறார் சட்டத்தரணி. பெருவிரல் என்றால் வாசிக்கத் தெரியாதவர் என்று அர்த்தம். யார் வாசித்துக் காட்டினார்கள், என்ன மொழியில் என்று கேட்பார்கள். இவ்வளவு தெளிவான கையெழுத்தைப் பார்த்தால் ஒருவரும் கேட்க மாட்டார்கள்.

சிவபாதம் அண்ணை உதவி எதையும் கேட்கவில்லை. அவர் கேட்பது ஒன்றே ஒன்று. அந்த இரண்டாவது வரி அழிபட வேண்டும். ரெலிபோனில் என்னிடம் சொன்னார்: "முப்பது வருசம் என்னோடை இருந்தவ. கேக்காமல் ஒரு கதவும் திறக்காத மனிசி. உவங்கள் அவவைக் களவாப் போய்ச் செத்தவ எண்டு எழுதி வைச்சிருக்கிறாங்கள்."

பலகையைக் கழற்றியது ஜெயரட்ணம். அது உங்களுக்கும் தெரியும், எனக்கும் தெரியும். என் வீடியோவிலும் இருக்கிறது.

மக்டலீன்


மோர்னிங்சைட்
6 ஏப்ரல் 1997

மக்டலீன் புள்ளைக்கு,

ஒன்பது நாள் பேனையைத் தொடவில்லை. எழுதப் பழகும் வகுப்புக்கும் போகவில்லை.

இரண்டு பஸ் மாறி மில்லிக்கனுக்குப் போனேன், சிவபாதத்தின் வீட்டுக்கு. மணி அடித்தேன். கதவைத் திறந்தவர் உள்ளே கூப்பிடவில்லை. செருப்போடு குளிரில் நின்றார்.

"உங்களுக்கு எழுதப் பழக்கினது ஆர் அப்பு?" என்று கேட்டார்.

"அவதான்" என்றேன்.

"அப்ப சரி" என்றார். கதவைச் சாத்தினார்.

சத்தமாகச் சாத்தவில்லை. மெதுவாகத்தான் சாத்தினார்.

மகளிடம் கேட்டேன், "உனக்கு இங்கிலிசு வாசிக்கத் தெரியுமே புள்ள, அந்தத் தாளப் பாத்தியே, ஏன் சொல்லல்ல?" என்று. "சொல்லி என்ன செய்ற? வச்சது வச்சாச்சி. என்ட வேலையும் போகணுமா? வாயப் பொத்திட்டுச் சும்மா இரிங்கப்பா" என்றாள். அவள் மேல் பிழை சொல்ல எனக்கு வாய் இல்லை.

இனி நான் என்ன செய்ய வேண்டும் என்று எழுது.

மாமாங்கம்


மொன்றியல்
14 ஏப்ரல் 1997

மாமாங்கம் ஐயாவுக்கு,

கேட்டீர்கள், அதனால் நேராகச் சொல்கிறேன்.

விசாரணை ஜூன் 16ஆம் திகதி. அதற்கு முன் நான் ரொறன்ரோ வருகிறேன். நீங்கள் கமராவுக்கு முன்னால் இருந்து, "எனக்கு ஆங்கிலம் வாசிக்கத் தெரியாது. என்ன எழுதியிருக்கிறது என்று எனக்குச் சொல்லவில்லை. பலகையைக் கழற்றியது ஜெயரட்ணம்" என்று சொல்ல வேண்டும். ஒரு நிமிடம் போதும். விசாரணைக்கும் கொடுக்கலாம், படத்திலும் வரும். ஜெயரட்ணம் பலகையைக் கழற்றும் இரண்டு நிமிடத் துண்டை ஏற்கெனவே சட்டத்தரணிக்கு அனுப்பிவிட்டேன்.

இது உங்களுக்கு அவமானம் என்று தெரியும். ஆனால் ஐயா, ஐந்து வருடமாக நான் பண்ணை பண்ணையாகத் திரிகிறேன். தக்காளி, ஆப்பிள், கோழி, காளான். எல்லா இடத்திலும் ஒரே கதைதான். யாரோ ஒருவர் மயங்கி விழுவார், யாரோ ஒருவர் ஒரு தாள் கொண்டு வருவார், சாட்சிகள் பேச மாட்டார்கள். கடையில் பெட்டியைத் தூக்கும் ஆளுக்கு ஒன்றும் தெரியாது. முதல் தடவையாக ஒரு தாள் எப்படி உண்டாகிறது என்று வைத்தவர் வாயாலேயே சொல்லக் கூடியதாக இருக்கிறது. இந்தப் படத்தின் நடுத்தூண் நீங்கள்தான். ஒரு தொலைக்காட்சி நிறுவனம் வாங்குவதாகச் சொல்லியிருக்கிறது.

உண்மை வெளியே வர வேண்டும். வெறும் உண்மை, அவ்வளவுதான்.

ஏப்ரல் 26 சனிக்கிழமை வரலாமா?

மக்டலீன்


மோர்னிங்சைட்
1 மே 1997

மக்டலீன் புள்ளைக்கு,

சனிக்கிழமை நீ வந்து கதவைத் தட்டினாய். நான் உள்ளேதான் இருந்தேன். திறக்கவில்லை. மன்னித்துக்கொள். எனக்கு வாய் வேகமாக ஓடாது. எழுத்தில் வந்தால்தான் நினைத்தது நினைத்தபடி வரும். இந்தக் கடிதத்துக்கு நான்கு நாள் எடுத்தது.

உன் கடிதத்தைத் திருப்பித் திருப்பி வாசித்தேன். வாசிக்கப் பழகியதில் இது ஒரு நன்மை. காதால் கேட்டது போய்விடும், எழுதியது நிற்கும். இரண்டு நிமிடத் துண்டு அனுப்பினேன் என்று எழுதியிருக்கிறாய். அந்த இரண்டு நிமிடத்துக்குப் பிறகு என்ன வந்தது என்று எனக்கு ஞாபகம் இருக்கிறது புள்ள. உன் விளக்கைப் பிடித்துக்கொண்டு நின்றவன் நான்தானே.

ஜெயரட்ணம் பலகையைக் கழற்றினார், ஓம். சாமான் லொறி வந்து நிற்கிறது என்று அவசரப்படுத்தினார். அறைகளுக்கு வெளியே நடக்கிற ஓடைக்குள் நல்ல குளிர். அவர் கதவைத் திறந்ததும் உள்ளேயிருந்து வெந்நீர் ஆவி மாதிரி வந்தது. நாங்கள் எல்லோரும் உள்ளே போனோம். இரண்டு நிமிடம் நிற்க முடியவில்லை. கண் எரிந்தது. இருமிக்கொண்டு வெளியே வந்தோம். தவமணிக்கு முன்பே தொய்வு, மூச்சு இழுக்கிற வருத்தம். நெஞ்சைப் பிடித்துக்கொண்டு, "கொஞ்சம் காத்துப் போகட்டும், பிறகு போவம்" என்றாள். மற்றவர்கள் கண் கழுவப் போனார்கள்.

அப்போது நீ கமராவைப் பார்த்து ஏசினாய். ஆவி பட்டு லென்ஸ் எல்லாம் வெள்ளை, ஒன்றும் விழவில்லை என்றாய். துணியால் துடைத்தாய். பிறகு சொன்னாய்:

"அக்கா, இன்னொருக்கா. நீங்கள் மட்டும் போனால் காணும். அந்தக் கடைசிக் காளான் தட்டு வரைக்கும் நடவுங்கோ."

அவள் சிரித்தாள். "என்ன பிள்ளை, கலியாண வீடியோவோ? ரெண்டாந்தரம் போறதெண்டால் மாப்பிளையையும் மாத்தித் தரவேணும்" என்றாள். போனாள். நான் விளக்கை உயர்த்திப் பிடித்தேன். எனக்கும் அன்றைக்குப் பெருமைதான்.

அவள் தட்டுகளுக்குப் பின்னால் திரும்பும்போது முதலாளியின் கார் வந்தது. கமரா வந்தது அவருக்குத் தெரியாது. ஜெயரட்ணம் கத்தினார். நீ கமராவைத் தூக்கிக்கொண்டு வானுக்கு ஓடினாய். நான் விளக்கைத் தூக்கிக்கொண்டு உன் பின்னால் ஓடினேன். முதலாளி போகக் கால் மணித்தியாலம். அதுவரை அவள் உள்ளே இருப்பது ஒருவருக்கும் ஞாபகம் வரவில்லை. எனக்கும் வரவில்லை.

நான் வைத்த தாளில் கமரா என்று ஒரு சொல் இல்லை. நீ தமிழில் எழுதித் தந்ததை வைத்துத்தான் சொல்கிறேன். 'யாரும் சொல்லாமல்' என்று இருக்கிறது. அந்தப் பொய் ஜெயரட்ணத்துக்கு மட்டுமா நல்லது?

நீ கெட்டவள் என்று நான் எழுதவில்லை. நான் பொய்யில் கையெழுத்து வைத்தவன். உன் வெட்டி ஒட்டுகிற மேசையில் என்ன வெட்டினாய் என்று மட்டும் கேட்கிறேன். ஓம் அல்லது இல்லை என்று எழுதினால் போதும்.

க. மாமாங்கம்


மொன்றியல்
3 ஜூன் 1997

ஐயா,

ஓம்.

இதோடு நிறுத்திவிட்டுத் தபாலில் போடத்தான் நினைத்தேன்.

நாற்பத்திரண்டு விநாடி. என் குரலோடு சேர்த்து. வெட்டித் தனி நாடாவில் போட்டு, மேசை லாச்சியில் வைத்திருந்தேன். எறியவில்லை. எறியாதது நேர்மையினால் என்று சொல்ல ஆசை. உண்மையில், அது இந்தப் படத்திலேயே மிக நல்ல துண்டு. துடைத்த லென்ஸ், உங்கள் விளக்கு, அக்கா திரும்பிப் பார்த்துச் சிரிப்பது. அப்படி ஒரு துண்டு எனக்கு ஐந்து வருடத்தில் விழவில்லை. அதனால்தான் எறியவில்லை. இதையும் உங்களுக்கு எழுதிவிடுகிறேன்.

வெறும் உண்மை என்று உங்களுக்கு எழுதியது நான். பெண்ணொருத்தி விழுந்து கிடக்கும்போது வானுக்குள் கமராவைப் போர்வையால் மூடிக்கொண்டு இருந்ததும் நான்.

ஒரு கிழமை எனக்குள் வாதாடிப் பார்த்தேன். பலகையைக் கழற்றியது நான் இல்லை. மருந்து அடித்தது நான் இல்லை. முதல் தரமே எல்லோரும் உள்ளே போனார்கள். எல்லாம் சரி. ஆனால் முதல் தரம் போனவர்கள் வெளியே வந்துவிட்டார்கள்.

நேற்று முழு நாடாவையும் சட்டத்தரணிக்கு அனுப்பினேன். வெட்டாமல். அவர் ரெலிபோன் எடுத்தார். "இது உம்மையும் இழுக்கும்" என்றார். சிவபாதம் அண்ணைக்கு நான் சொல்லவில்லை. அவர் விசாரணையில் பார்ப்பார். என்னால் முன்கூட்டிச் சொல்ல முடியவில்லை.

உங்களைக் கமராவுக்கு முன்னால் வரும்படி இனிக் கேட்க மாட்டேன்.

மக்டலீன்


மோர்னிங்சைட்
22 ஜூன் 1997

மக்டலீன் புள்ளைக்கு,

விசாரணையில் உன்னைக் கண்டேன். நீயும் என்னைக் கண்டாய். மண்டபத்து ஓடையில் நின்று பேச எனக்குக் கால் வரவில்லை. நீ பேசி முடித்ததும் கோட்டை எடுத்துக்கொண்டு போய்விட்டாய். அதற்குப் பிறகு நடந்ததைச் சொல்கிறேன்.

என்னைக் கூப்பிட்டார்கள். நான் பேசவில்லை. நான்கு பக்கம் தமிழில் எழுதிக்கொண்டு போயிருந்தேன். நீ பேசச் சொன்ன ஒரு நிமிடம் அல்ல, எல்லாம். மைப்பெட்டி, பேனை, 'எத்தின வேணும்' என்று நான் கேட்டது, விளக்குப் பிடித்தது, வானுக்கு ஓடியது. மொழிபெயர்க்க வந்த அம்மா அதை வாசித்தார். நடுவில் ஒரு தரம் நிறுத்தித் தண்ணீர் குடித்தார்.

பண்ணையின் ஆள் எழும்பி, "இவ்வளவு நன்றாக எழுதுகிறவர், வாசிக்காமல் கையெழுத்து வைத்தேன் என்பதை எப்படி நம்புவது?" என்று கேட்டார். சபையில் சிலர் சிரித்தார்கள். ஆங்கிலத்தில் ஒரு தாளை என் கையில் தந்து வாசிக்கச் சொன்னார். நான் வாங்கிப் பார்த்தேன். எல்லோரும் பார்த்துக்கொண்டிருந்தார்கள். மகளும் இருந்தாள். எண்களை மட்டும் வாசித்தேன். பிறகு தாளைத் திருப்பிக் கொடுத்தேன்.

கடைசியில் நான் சொன்னது எல்லாவற்றையும் ஆங்கிலத்தில் ரைப் அடித்துக்கொண்டு வந்து கையெழுத்துக் கேட்டார்கள். "தமிழ்ல வாசிச்சுக் காட்டுங்க. மறுகா வைக்கிறன்" என்றேன். விசாரணை நடத்திய பெரியவர் கடிகாரத்தைப் பார்த்தார். முக்கால் மணித்தியாலம் வாசித்தார்கள். ஒரு இடத்தில் பிழை இருந்தது, திருத்தச் சொன்னேன். திருத்தினார்கள்.

அந்த இரண்டாவது வரி அழிபட்டது. அது உண்மை, என் கண்ணால் கண்டேன்.

ஆனால் அழிபட்ட இடத்தில் என்ன எழுதினார்கள் என்று கேள். பலகையைக் கழற்றியது ஜெயரட்ணம். இரண்டாந்தரம் அனுப்பியது படம் எடுக்க வந்த பெண். செத்தவருக்கு முன்பே தொய்வு. பண்ணைக்கு ஒரு எச்சரிக்கைக் கடிதம். உன்னை அனுமதியில்லாமல் புகுந்தவள் என்று எழுதியிருக்கிறார்கள். பண்ணை ஜெயரட்ணத்தின் வானை நிறுத்திவிட்டது. பதினான்கு பேருக்கு வேலை இல்லை. மகளையும் வெள்ளிக்கிழமை நிறுத்திவிட்டார்கள். காரணம் சொல்லவில்லை.

வகுப்பில் என் பக்கத்துக் கதிரை காலியாக இருக்கிறது. "எழுதப் பழகி எங்கட வயித்தில அடிச்சவர் வாறார்" என்று ஒருவர் சொன்னார். நான் முன் வரிசையில்தான் இருக்கிறேன். கண் தெரியாது.

சிவபாதம் உன் நாடா ஓடும்போது எழும்பி வெளியே போகவில்லை. முடியும் வரை பார்த்தார். பிறகு என்னைத் தாண்டிப் போனார்.

க. மாமாங்கம்


மொன்றியல்
9 செப்ரெம்பர் 1997

ஐயா,

தொலைக்காட்சி நிறுவனம் விலகிவிட்டது. எதிர்பார்த்ததுதான். காளான் பகுதியை எடுத்துவிட்டால் பார்க்கலாம் என்றார்கள். மாட்டேன் என்றேன். கமராவை விற்கவில்லை. ஆனால் ஏப்ரலுக்குப் பிறகு தொடவும் இல்லை. இங்கே ஒரு பேக்கரியில் வேலை செய்கிறேன். மாவு மூட்டையில் எந்த ஊர் என்று அச்சடித்திருக்கிறது. முன்பென்றால் அந்த ஊருக்குப் போயிருப்பேன்.

சிவபாதம் அண்ணைக்கு மூன்று கடிதம் எழுதினேன். மூன்றும் பிரிக்காமல் திரும்பி வந்தன. அவர் கையெழுத்தில், உறையின் மேல், என் முகவரி. எழுத்து அழகாக இருந்தது.

உங்களுக்கும் மனோரஞ்சிதத்துக்கும் நான் செய்தது பிழை. அதை எப்படித் தீர்ப்பது என்று தெரியவில்லை. நீங்கள் எனக்குப் பதில் எழுத வேண்டாம். ஆனால் எழுதுவதை விட்டுவிட வேண்டாம்.

மக்டலீன்


மோர்னிங்சைட்
20 ஜனவரி 1998

அன்புள்ள மக்டலீன் புள்ளைக்கு,

பதில் எழுத வேண்டாம் என்றாய். நான்கு மாதம் சொல் கேட்டேன். இன்றைக்குக் கேட்க முடியாது, ஏனென்றால் இந்தக் கடிதம் முழுக்க என்னுடையது இல்லை. சிவபாதம் என் மேசைக்கு அந்தப் பக்கம் இருக்கிறார். காலை பத்து மணிக்கு வந்தார். வாசலில் நின்றுகொண்டு, "உள்ளுக்கு வரலாமோ அப்பு?" என்று கேட்டார். மகள் தேத்தண்ணீர் கொடுத்தாள். குடிக்க இவ்வளவு நேரம் எடுத்தார். மகளுக்கு இன்னும் வேலை கிடைக்கவில்லை, அதனால் பகலில் வீட்டில் ஒரு ஆள் இருக்கிறது.

வருகிற கிழமை தவமணியின் ஆண்டுத் திவசம். அதற்காக உன்னிடம் ஒன்று கேட்க வேண்டுமாம். "நீங்களே எழுதலாமே, உங்கட எழுத்து என்னுடையதிலும் வடிவு" என்றேன். "அந்தப் பிள்ளைக்கு என்ரை கையாலை ஒரு எழுத்தும் எழுத மாட்டன். உறையிலை எழுதினது காணும். நீங்கள் எழுதுங்கோ, நான் சொல்லுறன்" என்றார். கோபம் இன்னும் இருக்கிறது. அதையும் எழுதச் சொன்னார். எழுதிவிட்டேன்.

இனி வருவது அவர் சொன்னது:

"உன்ரை படம் எனக்கு வேண்டாம். அந்த நாப்பத்திரண்டு விநாடி மட்டும் வேணும். வீட்டிலை இருக்கிற படம் எல்லாத்திலையும் அவ வாயை மூடிக்கொண்டுதான் நிக்கிறா. படம் எடுக்கேக்கை அவவுக்கு வெக்கம். விசாரணையிலைதான் கண்டனான். அந்தச் சிரிப்பு வேறை ஒண்டிலையும் இல்லை. உன்னட்டை மட்டும்தான் இருக்கு."

இதற்குப் பிறகு அவர் எழும்பி யன்னல் பக்கம் போனார். நான் பேனையைக் கீழே வைத்தேன். வெளியே பனி தள்ளுகிற லொறி போனது. பிறகு திரும்பச் சொன்னார்:

"மாப்பிளையை மாத்தித் தரச் சொல்லிக் கேட்டவ. உதைச் சபையிலை எல்லாரும் இருந்து கேட்டவை. எனக்குக் கோபம் வரேல்லை. அவ வீட்டிலையும் உப்பிடித்தான் பகிடி விடுறவ."

முடிந்தது. அவரைக் கையெழுத்து வைக்கச் சொல்வதற்கு முன்னால், முழுவதையும் இரண்டு தரம் வாசித்துக் காட்டினேன். அவருக்கு வாசிக்கத் தெரியும். இருந்தாலும் வாசித்தேன். அவரும் பொறுமையாகக் கேட்டார். "ஓம், சரி" என்றார்.

கீழே இரண்டு கையெழுத்து இருக்கிறது. நேராக இருப்பது அவருடையது.

ஒரு உதவி. இந்த முறை நீ ஒன்றும் வெட்டாதே. முழுவதாக அனுப்பு. சிரித்து முடிந்து அவள் கதவுப் பக்கம் திரும்புகிற இடத்தில் நாங்கள் நிறுத்திவிடுவோம். எந்தப் பொத்தானை அழுத்த வேண்டும் என்று ஒரு துண்டில் எழுதி, நாடாவோடு சேர்த்து வை. தமிழில் எழுது, பெரிய எழுத்தாக. நான் பக்கத்தில் இருந்து வாசித்துச் சொல்வேன்.

க. மாமாங்கம்
வே. சிவபாதம்